வாய் செய்கிறவர் சமைத்த மீன்

யாராவது சாப்பிட உட்கார்ந்தால் மாமா அவர்களுடைய முகத்தைப் பார்ப்பதில்லை. தாடையைப் பார்ப்பார். காது மடலுக்குச் சற்றுக் கீழே எலும்பு அசையும் இடம் ஒன்று இருக்கிறதே, அங்கே போய் அவர் பார்வை ஒட்டிக்கொள்ளும். ரொட்டியைப் பிய்த்து வாயில் போட்டவர் இடது பக்கமே மென்றுகொண்டிருந்தால், "வலது கடைவாய்ல ஏதோ வம்பு இருக்கு. டாக்டர்கிட்ட காட்டிடுங்க" என்பார். பேருந்தில் முன்பின் தெரியாதவர் கடலை தின்றாலும் இதே கதைதான். சிலர் முறைப்பார்கள். சிலர் பயந்துபோய்ப் பொட்டலத்தை மடித்துப் பைக்குள் போட்டுக்கொள்வார்கள்.

அவருடைய அக்கா மகளுக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து இந்தப் பார்வை பழக்கம். சின்ன வயதில், மாமா தன் காதைத்தான் பார்க்கிறார் என்று நினைத்து, அவர் வந்தால் முடியை இழுத்துக் காதை மூடிக்கொண்டு சாப்பிடுவாள். பிறகு வளர்ந்தாள், கல்லூரிக்குப் போனாள். அந்தக் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான். அதனால் அம்மாவின் அண்ணன், பெரிய மாமா, அவளுக்கு 'டிகிரி' என்று பெயர் வைத்தார். சான்றிதழ் கைக்கு வருவதற்கு வெகு முன்பே பெயர் ஒட்டிக்கொண்டுவிட்டது. தேர்வில் தவறிவிடுவோமோ என்ற பயத்தைவிட, தவறிவிட்டால் இந்தப் பெயரை என்ன செய்வது என்ற பயம்தான் அவளுக்கு அதிகமாக இருந்தது.

மாமாவின் தொழில் பல்செட் செய்வது. ஒரு பல் மருத்துவமனையின் பின்னறை அவருடைய உலகம். டாக்டர் முன்னறையில் வாயைத் திறக்கச் சொல்வார். மாமா பின்னறையில் வாய் செய்வார். அப்படித்தான் அவரே சொல்வது. "பல்லு கடையில கெடைக்கும். அட்டையில ஒட்டி வச்சு விக்கிறான். வாயைத்தான் நான் செய்யணும்." சுவரை ஒட்டிய அலமாரி முழுக்க வெள்ளை பிளாஸ்டரில் வார்த்த தாடைகள் வரிசையாக இருக்கும். மேசையில் சிறிய எரிவாயு விளக்கு, உருகி உறைந்து உருகி உறைந்து இளஞ்சிவப்பாகக் கிடக்கும் மெழுகு, நுனி தட்டையான கத்திகள். மேல் தாடையையும் கீழ்த் தாடையையும் பூட்டித் திறந்து மூடிப் பார்க்க ஓர் இரும்புச் சட்டம் உண்டு. அதற்கு மாமா வைத்த பெயர் 'வாயாடி'. அவர் தலையைத் திருப்பினாலும் அது தானாக ஒருமுறை 'டக்' என்று மூடிக்கொள்ளும். "பாரு, நான் ஒண்ணும் கேக்கல, அதுவா பதில் சொல்லுது."

வீட்டுக்கு வரும்போது அவர் புருவத்தில் எப்போதும் கொஞ்சம் பிளாஸ்டர் தூசி இருக்கும். அதைத் துடைக்காமலே குளித்து முடித்துவிடும் வித்தை அவருக்குத் தெரியும். எதைப் பார்த்தாலும் கடித்துப் பார்க்கிற பழக்கமும் உண்டு. புது அழிப்பான், மெழுகுவத்தி, பாலாடைக்கட்டித் துண்டு என்று எது கிடைத்தாலும் மெல்ல ஒரு கடி கடித்து, வெளிச்சத்தில் பிடித்துத் தன் பல் தடத்தைத் தானே படிப்பார். பள்ளி நாட்களில் டிகிரியின் அழிப்பான்கள் எல்லாவற்றிலும் மாமாவின் மேல் வரிசை பதிந்திருந்தது. வகுப்பில் அவற்றில் ஒன்றுகூடக் களவு போனதில்லை.

புதிதாகப் பல்செட் மாட்டிக்கொண்டு போகிறவர்களைப் பின்னறைக் கதவிடுக்கில் தலையை நீட்டி எச்சரிப்பார். "முன் பல்லால கடிக்காதீங்க. சின்னச் சின்னதா வெட்டி, ரெண்டு பக்கமும் சமமா மெல்லுங்க. சோளம், கரும்பு, அன்னாசி, இது மூணும் நமக்குப் பகையாளி. தூர இருந்தே கும்பிடு போட்டுட்டு வந்துடணும்." அன்னாசியைச் சொல்லும்போது மட்டும் அவர் குரலில் கொஞ்சம் துக்கம் இருக்கும். அதன் நார் பல்லுக்கிடையில் சிக்கி ஓர் இழு இழுத்தால், செட் கையோடு வந்துவிடும். ஆனால் மாமாவுக்கு உயிர் அந்தப் பழம்.

ஞாயிற்றுக்கிழமைகளில் அவருக்கு இன்னொரு தொழில். அத்தை ஒரு பெரிய கடையில் பில் போடுகிறாள். ஞாயிறுதான் அங்கே கூட்டம். அதனால் அன்றைக்கு அடுப்படி மாமாவுக்கு. மீன்தான் சமைப்பார். சந்தையில் மற்றவர்கள் செவுளைத் தூக்கிப் பார்ப்பார்கள்; மாமா மீனின் வாயைத் திறந்து உள்ளே பார்ப்பார். மீன்காரம்மா சலித்துப்போய், "அதுக்கும் செட்டு கட்டப் போறீங்களா? சீக்கிரம் அளவெடுங்க, வெயில் ஏறுது" என்பாள். வீட்டுக்குக் கொண்டுவந்ததும் மெழுகு சீவும் கத்தி போன்ற ஒன்றால் முள்ளை நெம்பி எடுப்பார். அவர் கையில் பட்ட மீன் துண்டில் ஒரு முள்கூட மிஞ்சியதில்லை என்று அத்தை தான் வேலை செய்யும் கடையில் பெருமை பேசுவாள். வீட்டுக்கு வந்தால், "ஒரு மீனுக்கு இவ்வளவு நேரமா?" என்று எரிந்து விழுவாள்.

இப்படிப்பட்ட மனிதருடைய சொந்த அக்காவுக்கு, டிகிரியின் அம்மாவுக்கு, ஒருநாள் பல் எல்லாம் போய்விட்டது.

பல வருடமாக ஆடிக்கொண்டிருந்தவை. வலி பொறுக்காமல் எடுத்துவிடச் சொன்னாள். அதற்கு முந்தைய வாரம் பின்னறைக்கே வந்து, தம்பியின் மேசைக்கு முன்னால் உட்கார்ந்து, ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். அம்மாவுக்கு இடப்பக்கம் மேலே ஒரு தெத்துப்பல் இருந்தது. பக்கத்துப் பல்லின் தோளில் ஏறி உட்கார்ந்த மாதிரி இருக்கும். சிரித்தால் முதலில் அதுதான் எட்டிப் பார்க்கும். "மத்ததெல்லாம் எப்படி வேணா வை. இது மட்டும் இதே எடத்துல, இதே மாதிரி இருக்கணும். எங்கிட்ட எனக்குப் புடிச்சது இது ஒண்ணுதான்."

"அதுக்கென்னக்கா, வச்சுட்டாப் போச்சு" என்றார் மாமா.

ஆனால் மெழுகில் பல்லைப் பதிக்கும்போது அவருக்கு மனசு வரவில்லை. வாழ்நாள் முழுக்க வரிசையை நேராக்கியே பழகிய கை. தெரிந்தே ஒரு பல்லைக் கோணலாக வை என்றால் எப்படி வைக்கும்? வைத்தார், எடுத்தார், மறுபடி வைத்தார், கடைசியில் நேராகவே நிறுத்திவிட்டார். அக்கா பார்த்து மகிழ்ந்துபோவாள் என்றுதான் நினைத்தார். அம்மா கண்ணாடியில் நெடுநேரம் பார்த்தாள். "நல்லா இருக்கு" என்றாள். பிறகு, "யாரு இது?" என்று கேட்டாள்.

அடுத்த செட்டில் வைத்துத் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்தார்.

அடுத்த செட் வருவதற்குள் வேறொன்று நடந்தது. பல் எடுத்த புதிதில் ஈறு மெல்ல வற்றிக்கொண்டே போகும். செட் பழைய ஈறுக்கு வார்த்தது, ஈறு சுருங்கிவிட்டது. பெரிய மாமா வீட்டில் எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்ட ஒரு மத்தியானம். பெரிய மாமா பேருந்து நடத்துநர். எந்தக் கூட்டத்திலும் கடைசி வரிசைக்குக் கேட்கிற குரல். அவர் ஏதோ கதை சொல்ல, அம்மா வாய் விட்டுச் சிரித்தாள். மேல் செட் நழுவித் தண்ணீர்க் குவளைக்குள் 'ப்ளக்' என்று விழுந்தது. எல்லோரும் குவளையையே பார்த்தார்கள். பிறகு பெரிய மாமா சொன்னார்: "விடும்மா, பல்லுக்குத் தாகம்."

எல்லோரும் சிரித்தார்கள். அம்மாதான் அதிகமாகச் சிரித்தாள், கையால் வாயைப் பொத்திக்கொண்டு. ஆனால் அதற்குப் பிறகு அவள் யாரோடும் உட்கார்ந்து சாப்பிடவில்லை.

மாமா அந்த வாரமே செட்டைச் சரி செய்துவிட்டார். "இப்ப கல்லு மாதிரி நிக்கும்க்கா" என்று சத்தியம் செய்யாத குறை. "அது உனக்குத் தெரியும். எனக்குத் தெரியாது" என்றாள் அம்மா. விருந்து, விசேஷம், வெறும் ஞாயிற்றுக்கிழமை, எதுவானாலும் தண்ணீர்ச் செம்போடு அடுக்களை வாசலில் நின்றுகொண்டு, "நீங்க சாப்பிடுங்க, நான் அப்புறம்" என்பாள். அந்த அப்புறம் எப்போது வரும் என்றால், எல்லோரும் கை கழுவிப் போன பிறகு. சுவரைப் பார்த்துத் திரும்பி, நின்றபடியே, சின்னச் சின்னதாகப் பிய்த்துப் போட்டுக்கொள்வாள். அப்பா கப்பலில் வேலை. ஆண்டில் பாதி கடலில். ஆகவே வீட்டில் அம்மாவும் மகளும் மட்டும்தான். மகள் முன்னால்கூட அம்மா சாப்பிடுவதில்லை.

தேர்வு முடிவு வந்தது. டிகிரி தேறிவிட்டாள். மாமா புருவத் தூசியோடு ஓடி வந்தார். "என்னம்மா வேணும் உனக்கு? கைக்கடிகாரமா? நல்ல போனா? தயங்காமக் கேளு."

அவள் தயங்கத்தான் செய்தாள். பிறகு கேட்டாள். "அம்மா எல்லார்கூடவும் உக்காந்து சாப்பிடணும் மாமா. ஒரே ஒரு வேளை."

மாமா புருவத்தைத் தேய்த்துக்கொண்டார். "அது கடிகாரத்தவிட வெல ஜாஸ்தியாச்சே" என்றார்.

கேட்டதை நினைத்து டிகிரிக்கு அன்றைக்குத் தூக்கம் வரவில்லை. அம்மாவுக்காகக் கேட்டோமா, அல்லது விருந்தாளிகள் முன்னால் அம்மா செம்பும் கையுமாக நிற்பதைப் பார்க்கத் தனக்குக் கூச்சமாக இருப்பதால் கேட்டோமா? இரண்டும் ஒன்றாகக் கலந்திருந்தது. பிரித்துப் பார்க்க அவளால் முடியவில்லை. படித்ததால் வந்த கூச்சமோ இது என்று நினைத்தபோது இன்னும் சங்கடமாக இருந்தது.

மாமாவுக்கு அந்த மாதிரி குழப்பமெல்லாம் கிடையாது. அவள் தேறியதற்காகத் தன் வீட்டில் வைக்கப்போகும் விருந்துக்கு முந்திய ஞாயிறே ஒரு கொடுவா மீனோடு அக்கா வீட்டுக்கு வந்து இறங்கிவிட்டார். பாலில் நனைத்த மாதிரி வெள்ளைச் சதை. "மெல்லவே வேண்டாம், நாக்காலயே அழுத்தலாம். அக்காவுக்கும் என்ன மாதிரியே அன்னாசி உசிரு. பழத்தத்தானே தின்னக்கூடாது? சாறுல என்ன நாரு?" என்று டிகிரியிடம் கிசுகிசுத்தார். பச்சை அன்னாசியைத் துருவி, உப்பு, மிளகாய், இஞ்சி, பூண்டு சேர்த்துப் பிசைந்து, அதற்குள் மீன் துண்டுகளைப் புதைத்து மூடி வைத்தார். காலையில் வைத்தது. "நல்லா ஊறட்டும். ஊற ஊறத்தான் ருசி."

மத்தியானம் மூடியைத் திறந்தார். மீனைக் காணோம்.

இல்லை என்று சொல்ல முடியாது, இருந்தது. ஆனால் மழையில் நனைந்த காகிதம் மாதிரி இருந்தது. ஓரமெல்லாம் நைந்து, தூக்கினால் விரலிடுக்கில் வழிந்தது. மாமா விடவில்லை. வழிந்ததை வழித்து வெண்ணெயில் போட்டுக் கிளறித் தட்டில் வைத்தார். அம்மா வழக்கம்போல அடுக்களைக்குள் தனியாக ஒரு வாய் வைத்துப் பார்த்தாள். பிறகு தட்டோடு வெளியே வந்தாள்.

"டேய், இத ஏற்கனவே யாராவது மென்னு வச்சிருக்காங்களா?"

டிகிரி சிரித்துவிட்டாள். மாமாவுக்கும் உதடு துடித்தது. அம்மா சிரிக்கவில்லை.

"எனக்குப் பல்லு இல்லன்னு ஊருக்கே தெரியும். இப்ப மீனுக்கும் சொல்லிட்டியா?"

"இல்லக்கா, மெத்துனு இருந்தா உனக்கு..."

"கொழந்தைக்கு ஊட்டுறத எனக்கு ஊட்டாத." தட்டை மேசையில் வைத்தாள். "நீ செஞ்ச பல்லு. கல்லு மாதிரி நிக்கும்ங்கிற. ஆனா சமைக்கிறது என்னன்னா, பல்லே இல்லாதவளுக்குச் சமைக்கிற. செஞ்சவனுக்கே அது மேல நம்பிக்க இல்ல. எனக்கு எங்கேருந்து வரும்?"

மாமா கரண்டியைக் கீழே வைத்தார். தட்டில் இருந்த மீனைப் பார்த்தார். அக்காவின் தாடையைப் பார்த்தார். அக்கா உள்ளே போன பிறகும், அவள் நின்ற இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் டிகிரிக்கு ஒன்று பொறி தட்டியது. அன்னாசியில் ஒரு நொதி இருக்கிறது, சதையைச் செரிக்கும். இரண்டாம் ஆண்டுத் தேர்வில் அழகாகப் படம் போட்டு எழுதி மதிப்பெண் வாங்கிய விஷயம். அது தன் வீட்டுப் பாத்திரத்துக்குள், தன் கண் முன்னாலேயே காலையிலிருந்து நடந்துகொண்டிருந்திருக்கிறது. தாளுக்கும் அடுப்புக்கும் நடுவில் அவள் போட்டு வைத்த சுவர் அவ்வளவு உயரம் போல.

"மாமா, பச்ச அன்னாசி மீனைத் தின்னுடும். கொதிக்க வச்சா அந்தக் குணம் போயிடும். ஆறவச்சு அப்புறமா மீனப் போடணும்."

மாமா திரும்பினார். "பழம் மீனத் தின்னுதா?"

"ஆமா. அதனாலதான் நெறைய சாப்பிட்டா நாக்கு எரியுது. நாம அதத் திங்கும்போது அதுவும் நம்மளக் கொஞ்சம் தின்னுது."

"அடப்பாவி! இத்தனை வருஷமா என் தொழிலுக்குப் போட்டி எவன்னு தேடிட்டிருக்கேன், சந்தையில கிரீடம் வச்சுக்கிட்டு உக்காந்திருக்கான்" என்றார். முகம் தெளிந்துவிட்டது. மிச்சமிருந்த அரைப் பழத்தைத் தூக்கிப் பார்த்தார். அந்தப் பார்வையில் ஒரு சவால் இருந்ததை டிகிரி கவனித்தாள்.

அந்த வாரம் மாமா அக்காவை மருத்துவமனைக்கு வரவழைத்தார். டாக்டர் பார்த்து, ஈறுக்கும் செட்டுக்கும் நடுவில் இடைவெளி இல்லை என்றார். மாமாவுக்கு அது போதவில்லை. மெழுகுத் தகட்டைக் கொடுத்துக் கடிக்கச் சொன்னார். முன்னால் கடி, பக்கத்தில் கடி, சும்மா கடி, கோபமாகக் கடி. "யார் மேல கோபமா?" என்றாள் அம்மா. "என்னையே நெனச்சுக்கோ" என்றார். அந்தத் தடம்தான் இருப்பதிலேயே ஆழமாக விழுந்தது. அதை வெளிச்சத்தில் பிடித்துப் படித்தபோது விஷயம் பிடிபட்டது. பின்னால் ஒரு கடைவாய்ப் பல் மற்றவற்றைவிட முந்திக்கொண்டு இடிக்கிறது. அது இடிக்கும்போது முன்பக்கம் மயிரிழை எழும்புகிறது. அந்தப் பல்லை ஒரு தூசி அளவு ராவினார். செட்டை வாயாடியில் பூட்டி மூடினார். 'டக்' என்று ஒரே சத்தம். எல்லாப் பல்லும் சேர்ந்து ஒரே வார்த்தை சொன்ன மாதிரி. மறுபடி, மறுபடி. பின்னறையே கேட்டுக்கொண்டிருந்தது.

விருந்து நாள் காலையில் மாமாவின் அடுக்களையில் டிகிரிக்கு நிற்க இடம் இல்லை. பழத்தின் தோலைச் சீவி, கண்களைச் சாய்வாக வரிவரியாக அரிந்து எடுத்திருந்தார். துருவிய பழச்சாறு அடுப்பில் கொதித்து நுரைத்தது. நுரை அடங்கும்வரை கொதிக்கவிட்டு, இறக்கி, தண்ணீர்த் தட்டில் வைத்து ஆறவைத்தார். ஆறியதில் பாதியைச் சாஸுக்கென்று எடுத்து வைத்துக்கொண்டு, மீதியில் பூண்டும் மிளகாயும் உப்பும் தட்டிப் போட்டார். கொடுவாத் துண்டுகள் இந்தமுறை தோலோடு இருந்தன. வெங்காயம் அரிந்து முடிக்கும் நேரம்தான் அவை அதற்குள் கிடந்தன. பிறகு வெளியே எடுத்து, துணியால் ஒற்றி ஒற்றி ஈரத்தை எடுத்தார். "ஈரத்தோட போட்டா வேகும். காஞ்சு போட்டாத்தான் பொரியும்."

மீன் மெத்தென்று இருக்கிறதா என்று விரலால் அழுத்தினார். விரலைத் தள்ளிவிட்டது. "தேவல. இவனுக்கு முதுகெலும்பு இருக்கு" என்றார்.

தோல் பக்கம் கீழே இருக்க, காய்ந்த இரும்புக் கல்லில் வைத்து, பிளாஸ்டர் வழிக்கும் தட்டைக் கரண்டி ஒன்றால், நன்றாகக் கழுவியதுதான், அழுத்திப் பிடித்தார். தோல் சுருளாமல் சடசடவென்று பொரிந்தது. பக்கத்து அடுப்பில் வெண்ணெயில் வெங்காயமும் இஞ்சியும் வதங்கி, எடுத்து வைத்திருந்த சாறு அதன் மேல் விழுந்து, கொதித்து, குறுகி, கரண்டியின் முதுகில் பொன்னிறமாக ஒட்டிக்கொண்டு நின்றது. புளிப்பும் இனிப்பும் காரமும் கலந்த அந்த மணத்துக்கு மாடிப்படியில் ஏறி வந்துகொண்டிருந்த பெரிய மாமா தும்மினார். மூன்று வீட்டுக்குக் கேட்டிருக்கும்.

கடைசியாக மாமா செய்தது யாரும் எதிர்பார்க்காதது. மீதி அன்னாசியைத் தடிமனான வட்டங்களாக வெட்டி, மீன் எடுத்த கல்லிலேயே போட்டு, ஓரம் கருகும்வரை இருபக்கமும் வாட்டினார்.

அன்றைக்கு விடுப்பு எடுத்திருந்த அத்தை எட்டிப் பார்த்தாள். "இது யாருக்கு?"

"அக்காவுக்கு."

"உங்களுக்கு மூளை கீளை கழண்டுடுச்சா? பல்செட் போட்டவங்க அன்னாசி பக்கமே போகக் கூடாதுன்னு பஸ்ஸுல போறவங்ககிட்டகூட சொல்றது யாரு?"

"நான்தான்."

"அப்புறம்?"

மாமா அடுப்பைக் கொஞ்சம் குறைத்தார். வட்டத்தைத் திருப்பிப் போட்டார். அது வாடுவதற்குள் மறுபடி திருப்பினார். இன்னொரு தரம், எல்லோர் முன்னாலும், செட் கழன்று விழுந்தால் அம்மா இனி எந்த மேசைக்கும் வரமாட்டாள். தம்பியின் வீட்டு வாசலைக்கூட மிதிக்க மாட்டாள். அது மாமாவுக்கும் தெரியும். வெட்டிச் சின்னதாக்கித் தந்தால் ஆபத்து இல்லை. ஆனால் சின்னதாக்கித் தந்தால் அது அந்த நைந்துபோன மீன்தான், வேறு தட்டில்.

மேசையைச் சுற்றி எல்லோரும் உட்கார்ந்தார்கள். பெரிய மாமாவிடம் டிகிரி முன்பே கெஞ்சியிருந்தாள், இன்றைக்கு ஒரு வேடிக்கைப் பேச்சும் வேண்டாம் என்று. மனிதர் அதற்காக உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, மூடி திறக்காத குக்கர் மாதிரி உட்கார்ந்திருந்தார். அம்மா எங்கே? அடுக்களை வாசலில், செம்போடு.

"நீங்க சாப்பிடுங்க. நான் அப்புறம்."

மாமா வற்புறுத்தவில்லை. காலியாக இருந்த நாற்காலிக்கு முன்னால் ஒரு தட்டை வைத்தார். பொரிந்த தோல் மேலே தெரிய வெள்ளை மீன்; அதன் மேல் பொன்னிறச் சாஸ்; பக்கத்தில் வாட்டிய அன்னாசி, முழு வட்டம், வெட்டாமல். கத்தி வைக்கவில்லை. பிறகு அக்காவைப் பார்க்காமலே கேட்டார்.

"வெட்டித் தரட்டுமாக்கா?"

அம்மா தட்டைப் பார்த்தாள். அன்னாசியைப் பார்த்தாள். தம்பியைப் பார்த்தாள். அந்த வட்டம் என்ன சொல்கிறது என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. செம்பைக் கீழே வைத்தாள்.

"ஏன், எனக்குப் பல்லு இல்லையா?"

வந்து உட்கார்ந்தாள். முதலில் மீன். தோலோடு ஒரு துண்டைப் பிய்த்து வாயில் போட்டாள். 'கறுக்' என்ற சத்தம் மேசை முழுக்கக் கேட்டது. அவளே ஒரு நொடி நின்றாள், அந்தச் சத்தம் தன் வாயிலிருந்துதான் வந்ததா என்பதுபோல. பிறகு மென்றாள். இரண்டாவது துண்டைச் சாஸில் புரட்டினாள். அதற்கும் ஒரு 'கறுக்'. பெரிய மாமா தன் தட்டைத் தொடவே இல்லை.

அப்புறம் அன்னாசி. இரண்டு கையாலும் எடுத்தாள். சின்னப் பெண் மாதிரி, வாயை அகலத் திறந்து, நேராக முன் பல்லால் கடித்தாள்.

நார் பல்லைப் பிடித்துக்கொண்டது. அம்மா இழுத்தாள். நார் நீண்டது. அந்த நேரத்தில் டிகிரி மாமாவைப் பார்த்தாள். எந்தக் கூட்டத்திலும், எந்தப் பேருந்திலும், எவர் மென்றாலும் தாடையை விட்டுக் கண்ணெடுக்காத மனிதர், தன் அக்கா கடிக்கும்போது இரண்டு கண்ணையும் இறுக மூடிக்கொண்டிருந்தார்.

'பிட்.'

நார் அறுந்தது. பல் இருந்த இடத்திலேயே இருந்தது. அம்மா மென்றாள், இரண்டு பக்கமும், சமமாக, கன்னம் உப்ப. சாறு முகவாயில் வழிந்தது. துடைக்கவில்லை.

"பிச்சுட்டாடா!" என்று பெரிய மாமா மேசையைத் தட்டி எழுந்தே விட்டார். "பிச்சு எடுத்துட்டா என் தங்கச்சி! டேய், கண்ணத் தெற!"

மாமா கண்ணைத் திறந்தபோது அம்மா அடுத்த கடி கடித்துக்கொண்டிருந்தாள். அத்தை கைதட்டினாள். டிகிரி புறங்கையால் கண்ணைத் துடைத்தாள். மீன் முள் குத்தியது என்று சொல்லித் தப்பிக்கவும் வழி இல்லை, மாமா சமைத்ததில் முள்ளே இருக்காது. பட்டமளிப்பு மேடையில் கூடத் தனக்கு இப்படி இருக்காது என்று தோன்றியது. எந்தக் கூச்சத்தினால் கேட்டோமோ, அது எங்கே போனது என்று அவள் தேடவில்லை.

"தங்கச்சி, அந்த வட்டம் இன்னொண்ணு வேணுமா?" பெரிய மாமா கேட்டார். அவரால் அதற்கு மேல் தாங்க முடியவில்லை. மூடி திறந்துவிட்டது. "அன்னைக்குப் பல்லுக்குத் தாகம். இன்னைக்குப் பல்லுக்குப் பசி!"

டிகிரி பெரிய மாமாவை முறைத்தாள். அம்மா பெரிய அண்ணனை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு சிரித்தாள். வாய் விட்டு, தலையைப் பின்னால் சாய்த்து, இரண்டு கையிலும் அன்னாசி இருந்ததால் வாயைப் பொத்தக் கை இல்லாமல். பல் வரிசை முழுக்கத் தெரிந்தது. ஒன்றும் விழவில்லை.

"எண்ணெய் கொஞ்சம் ஜாஸ்தி" என்றாள் தம்பியிடம். மாமாவுக்கு அதைவிடப் பெரிய பாராட்டு வேண்டியிருக்கவில்லை. மேசையைச் சுற்றி வந்து எல்லோர் தட்டிலும் மறுபடி மறுபடி மீன் வைத்தார். அவரவர் தாடையை ஆசை தீரப் பார்த்தார். பெரிய மாமாவிடம், "அண்ணா, உங்களுக்கு எடப்பக்கம் ஒரு பல்லு ஆடுது, நாளைக்கு வந்துடுங்க" என்றார். புருவத்தில் பிளாஸ்டருக்குப் பதில் இன்றைக்கு அன்னாசித் துருவல் ஒட்டியிருந்தது. அதை யாரும் அவரிடம் சொல்லவில்லை.

சாப்பிட்டு முடிக்கிற நேரம். அம்மா விரலைச் சப்பிவிட்டு, தம்பியைக் கிட்டக் கூப்பிட்டாள்.

"எல்லாம் சரிதான். என்னுது எங்க?"

"எது?"

அம்மா உதட்டைத் தூக்கி, இடப்பக்கம் மேலே, வரிசை தப்பாமல் நேராக நிற்கும் அந்தப் பல்லை நகத்தால் தட்டினாள். 'டிக், டிக்.'

"இதத் தோள்ல ஏத்தி உக்கார வைக்கிறேன்னு சொன்னது யாரு? மீன் போட்டு மறக்கடிச்சுடலாம்னு பாக்கிறியா?"

மாமா டிகிரியைப் பார்த்தார். அத்தையைப் பார்த்தார். உதவிக்கு யாரும் வரவில்லை. "அக்கா, சாஸ் இன்னும் இருக்கு" என்று சொல்லிப் பாத்திரத்துக்குள் கரண்டியை விட்டு, அடியில் தேடத் தொடங்கினார். அம்மா நகத்தை எடுக்கவே இல்லை.